பதினொரு பிரமுகர்கள், ஒரே சால்வை

வீரையா வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு ஸ்டுடியோவுக்குள் வந்தார். எங்கள் தெருவில் நாலு வீடு தள்ளித் தறி வைத்திருந்தவர். ஒன்று தீபாவளிக்கு வருவார், இல்லாவிட்டால் சண்டைக்கு வருவார். அன்று தீபாவளி இல்லை.

கையில் ஊர்ப் பிரமுகர்களைப் பற்றிய புது மலர் இருந்தது. அச்சு மை வாசனை இன்னும் போகவில்லை. அதைக் கவுண்டர் மேல் விரித்து, ஒரு பெரிய மனிதரின் தோள்மேல் விரலை வைத்தார்.

"யம்மா, இத்த பாரு."

பக்கத்தைத் திருப்பினார். "இத்தயும் பாரு." இன்னொரு பக்கம். "இத்தயும்."

நான் முகங்களைப் பார்த்தேன். எல்லாம் என் கைவேலை. ஒருவருக்கு மருவை எடுத்திருந்தேன், ஒருவருக்கு வழுக்கையைப் பாதியாகக் குறைத்திருந்தேன், இன்னொருவருக்கு இருந்த மூன்று தாடையில் இரண்டை ஒழித்திருந்தேன். எல்லோரும் லட்சணமாகத்தான் இருந்தார்கள்.

"மூஞ்சிய வுடும்மா. துணியப் பாரு. நாலாவது அன்னத்துக்குத் தலை இருக்குதா?"

இல்லை. சால்வையின் ஜரிகைக் கரையில் வரிசையாக அன்னங்கள். மூன்று அன்னம் ஒழுங்காக நடக்கிறது. நாலாவதுக்குக் கழுத்துக்கு மேல் ஒன்றுமில்லை. அடுத்த பக்கத்துப் பிரமுகர் தோளிலும் அப்படித்தான். அதற்கடுத்த பக்கத்திலும்.

"இது என் தறியில வந்ததும்மா. அன்னிக்குக் கரையில உருவம் எடுக்கற அடையில ஒரு கயிறு அறுந்து, கவனிக்காம வுட்டுட்டேன். மொதலாளி மூஞ்சியில வுட்டெறிஞ்சாரு. உங்க வூட்டுக்காரருதான் போனாப் போவுதுன்னு வாங்கிக்கினாரு." வீரையாவுக்குச் சிரிப்பில் கண்ணீரே வந்துவிட்டது. "நான் பண்ண தப்ப ஊரு பெரிய மனுஷன் பதினோரு பேரும் தோள்ல போட்டுக்கினு நிக்கறாங்கம்மா!"

அந்தச் சால்வை எங்கள் ஸ்டுடியோ சால்வை.

பென்சில் பிடித்த மருமகள்

போன வாரம் எழுதியதைப் படித்துவிட்டு ஒரு வாசகர், "டச்சிங் என்றால் என்ன? முகத்துக்கு மாவு பூசுவதா?" என்று கேட்டிருக்கிறார். இல்லை ஐயா. அதைவிடப் பெரிய மோசடி.

நான் அரக்கோணத்திலிருந்து கல்யாணமாகிப் பெரிய காஞ்சிபுரம் வந்தவள். என் வீட்டுக்காரர் படம் எடுப்பார், கழுவுவார். நான் ஜன்னலோரம் ஒரு சாய்வு மேசையில் நெகட்டிவ்வை வைத்து, ஊசி முனையாகச் சீவிய பென்சிலால் அதன்மேல் புள்ளி புள்ளியாக வைப்பேன். நெகட்டிவ்வில் பென்சில் பட்ட இடம் படத்தில் வெளுப்பாக விழும். சுருக்கம் போகும், அம்மைத் தழும்பு போகும். பெண் பார்க்க அனுப்பும் படமென்றால் கறுப்பும் போகும். கல்யாணத்துக்குப் பிறகு மாப்பிள்ளை வீட்டார் எங்களைத் தேடி வந்து சண்டை போட்டதுண்டு. அவர்களிடம் என் வீட்டுக்காரர் பல்பின் மேல் பழியைப் போட்டுவிடுவார்.

எனக்கு அப்போது இருபத்து மூன்று வயது. வாய்க்கு மட்டும் ஐம்பது இருக்கும்.

பெயர் மாறிய புதிது

மாநிலத்துக்கு அப்போதுதான் தமிழ்நாடு என்று பெயர் மாறியிருந்தது. அரசாங்க ஆபீசுகளில் பழைய ரப்பர் ஸ்டாம்பை எறியவும் மனமில்லாமல், குத்தவும் தைரியமில்லாமல் மேசை டிராயரில் பூட்டி வைத்திருந்தார்கள். மேடைக்கு மேடை 'முன்னேற்றம்' என்ற சொல்லைக் கேட்டோம். காலையில் குழாயில் தண்ணீர் வந்தால்கூட அது யாரோ ஒருவர் கணக்கில் முன்னேற்றமாகச் சேர்ந்துவிடும்.

இந்தச் சமயத்தில்தான் ஊர்ப் பெரிய மனிதர்கள் கூடி ஒரு மலர் போடத் தீர்மானித்தார்கள். புதிய மாநிலத்தில் நம் நகரின் முன்னேற்றம், அதற்கு உழைத்த பிரமுகர்கள், இதுதான் விஷயம். பிரமுகர்கள் யார் என்று தேர்ந்தெடுக்க ஒரு குழு போட்டார்கள். குழுவில் பதினொரு பேர். தேர்வான பிரமுகர்களும் பதினொரு பேர். யாருக்கும் மனவருத்தம் இல்லை.

ஒருவர் தெருவிளக்கு கொண்டுவந்தவர். விளக்கு அவர் வீட்டு வாசலில் எரிந்தது. ஒருவர் வாசகசாலை கண்டவர். அங்கே பேப்பர் வரும். அவர் படித்து முடித்து வீட்டுக்கு எடுத்துப் போன பிறகு நாம் போய் மேசையை வாசிக்கலாம். இன்னொருவர் பெண் கல்விக்குக் குரல் கொடுத்தவர். அவர் பெண்களுக்கு அந்தக் குரல் கேட்டதாகத் தெரியவில்லை.

குழுத் தலைவர் தணிகாசலம். ரைஸ் மில் வைத்திருந்ததால் மில்காரர் என்பார்கள். மலரில் அவருக்கு முதல் பக்கம், முழுப் பக்கம். அவருடைய முன்னேற்றப் பணி, செவிலிமேட்டில் காலனிப் பிள்ளைகள் படிக்கப் பள்ளிக்கூடத்துக்குப் பத்து சென்ட் நிலம் கொடுத்தது.

அந்த நிலத்தை அவர் மூன்று மேடைகளில் கொடுத்துவிட்டார். ரிஜிஸ்டர் ஆபீசில் மட்டும் இன்னும் கொடுக்கவில்லை.

பட்டு ஊரில் இரவல் பட்டு

பட்டுக்குப் பேர்போன ஊரில் இத்தனை பெரிய மனிதர்களுக்கு ஒரு சால்வையா கிடைக்கவில்லை என்று கேட்பீர்கள். எங்கள் ஊரைத் தெரியாதவர்கள்தான் அப்படிக் கேட்பார்கள்.

பட்டு விற்பவர்கள் பட்டு உடுத்துவதில்லை. கடை முதலாளி நாள் முழுக்கக் கசங்கிய மல் வேட்டியில்தான் உட்கார்ந்திருப்பார். விற்கிற சரக்கைத் தோளில் போட்டால் அது பழசாகிவிடும். பிறகு அதை யார் தலையில் கட்டுவது? கல்யாணப் பட்டு வீட்டுப் பெட்டியில் இருக்கும். பெட்டிச் சாவி வீட்டம்மாள் இடுப்பில் இருக்கும். போட்டோவுக்கு வேண்டும் என்று கேட்க எந்தப் பிரமுகருக்கும் வாய் வராது.

ஆகவே ஒவ்வொருவராக, ஆள் இல்லாத நேரம் பார்த்து ஸ்டுடியோவுக்கு வந்தார்கள். ஒவ்வொருவரும் ஒரே கேள்வியைக் கேட்டார்கள்.

"சால்வ கீல்வ ஏதாவது இருக்குதாப்பா?"

"இருக்குதுங்க."

"வேற யாராவது போட்டுக்கினு எடுத்தாங்களா?"

"சேச்சே. உங்களுக்குன்னே வெச்சிருக்கேங்க."

என் வீட்டுக்காரர் வேலையில் சுத்தம். சால்வையை ஒரே மடிப்பில்தான் மடிப்பார், ஒரே இடத்தில்தான் போடுவார். தலையில்லாத அன்னம் பதினொரு முறையும் இடது தோளிலேயே போய் உட்கார்ந்தது அப்படித்தான். நானோ முகத்தைத் தவிர வேறெதையும் பார்க்காதவள். நெசவுத் தெருவில் குடியிருந்தும் துணியைப் பார்க்கக் கற்காத அரக்கோணத்துக்காரி. குற்றத்தில் எனக்கும் பாதி உண்டு.

கிரேஸ் டீச்சரின் பை

செவிலிமேட்டுப் பள்ளியை நடத்தியவர் கிரேஸ் டீச்சர். அதே காலனியில் பிறந்தவர். அப்பா அம்மா அடுத்தவர் வயலில் கூலிக்குப் போய் இவரைப் படிக்க வைத்தார்கள். டீச்சர் டிரெயினிங் முடித்து வந்து, பாலாற்றுப் பக்கம் மில்காரரின் அந்தப் பத்து சென்டில் ஒரு கீற்றுக் கொட்டகையில் பிள்ளைகளைச் சேர்த்து உட்கார வைத்தார். ஐந்து வருடமாக நடந்துகொண்டிருந்தது.

அந்த வருடம் இன்ஸ்பெக்டர் வந்து பார்த்துவிட்டு, பாடம் நன்றாக இருக்கிறது, பத்திரம் எங்கே என்று கேட்டுவிட்டுப் போனார். நிலத்துக்குப் பத்திரம் இல்லையென்றால் அங்கீகாரம் இல்லை. அடுத்த ஜூனில் பள்ளி திறக்காது. டவுன் பள்ளிக்கு அந்தச் சின்னப் பிள்ளைகள் நடக்க முடியாது. நடந்து போனாலும் கடைசி வரிசையில் தனியாக உட்கார வைப்பார்கள் என்பது டீச்சருக்குத் தெரியும். அவரும் அப்படி உட்கார்ந்து படித்தவர்தான்.

பத்திர எழுத்தரிடம் தானப் பத்திரம் எழுதி வாங்கி, ஒரு ரெக்சின் பையில் வைத்துக்கொண்டு டீச்சர் அலைந்தார். மில்காரர் கையெழுத்து ஒன்றுதான் பாக்கி. மில்காரர் ஒவ்வொரு முறையும், "சொன்னா சொன்னதுதாம்மா. ஊரே கேட்டுது இல்ல? அப்புறம் இன்னாத்துக்கு அவசரம்?" என்று அனுப்பிவிடுவார். அவர் இழுத்தடிப்பது ஏன் என்று எல்லோருக்கும் தெரியும். ரோடு அந்தப் பக்கம் வரப்போகிறது என்று பேச்சு. பத்து சென்டில் ஒரு நெல் குடோன் தாராளமாக எழும்பும்.

அப்படி அலைந்த ஒரு நாளில் டீச்சர் ஸ்டுடியோ வாசலில் நின்று என்னிடம் மெதுவாகக் கேட்டார்.

"மில்காரரு போட்டோ எடுக்க எப்பம்மா வர்றாரு?"

மை இல்லாத பேனா

மில்காரர் வந்தார். திரையில் வரைந்த அரண்மனைப் படிக்கட்டு பின்னால், மர நாற்காலி முன்னால். சால்வை தோளேறியது. அன்னம் தன் இடத்தில் உட்கார்ந்தது. பிரமுகர் என்றால் கையில் பேனா வேண்டும், எங்கள் ஸ்டுடியோ வழக்கம் அது. பேனாவுக்குக் கீழே காகிதம் வேண்டும்.

நான் சொல்லி வைத்தபடி டீச்சர் அந்த நேரம் பார்த்து உள்ளே வந்தார்.

"ஐயா, சும்மா காயிதம்னா படத்துல வெள்ளையாத் தெரியும். பத்திரமே இருக்குது, வெச்சிக்கலாங்களா?"

மில்காரர் என்னைப் பார்த்தார். நான் அப்பாவியாக, "வாங்கிக்க ஆள் இருந்தாத்தாங்க குடுக்கற மாதிரி இருக்கும்" என்றேன். கொடுக்கிற மாதிரி என்ற சொல் அவருக்குப் பிடித்துவிட்டது.

டீச்சருக்கு என் வீட்டுக்காரர் ஸ்டூலைக் காட்டினார். "நிக்கறேங்க. உட்கார்ந்தா பேப்பர் எட்டாது" என்று சொல்லிவிட்டு, பத்திரத்தின் ஓரத்தைப் பிடித்தபடி மில்காரர் கைக்கு மிக அருகில் நின்றார். அப்படி ஒட்டிப் பிடிக்கச் சொன்னது நான்தான். டீச்சரைப் பிறகு கத்தரித்துத் தள்ளிவிடுவார்கள் என்று எனக்குத் தோன்றியது. நினைத்தபடியே அச்சுக்கான பிளாக் செய்ய மெட்ராசுக்கு அனுப்பும்போது, அந்த அம்மாளை மட்டும் வெட்ட முடியுமா என்று குழுவிலிருந்து ஆள் வந்து கேட்டார். வெட்டினால் ஐயா கையும் போய்விடும் என்றேன்.

படம் எடுத்து முடிந்தது. பல்பு அணைந்ததும் டீச்சர் குனிந்து பத்திரத்தைப் பார்த்தார். கையெழுத்து இருக்க வேண்டிய இடத்தில் ஒரு கீறல் மட்டும் இருந்தது. ஸ்டுடியோ பேனா அது, மை ஊற்றி எத்தனையோ வருடம் ஆகியிருந்தது. எனக்கு அது தெரியும். அந்த நேரத்தில் அடியோடு மறந்துபோனேன். மில்காரருக்கும் முன்பே தெரிந்திருந்தது என்று அவர் சிரித்த சிரிப்பில் புரிந்தது.

"படம் நல்லா வரும் இல்லப்பா?" என்று கேட்டுவிட்டுச் சால்வையைக் கழற்றிக் கொடுத்தார்.

டீச்சர் பத்திரத்தை மடித்துப் பைக்குள் வைத்தார். ஒரு வார்த்தை என்னைத் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

பாவு போட்ட தெரு

இனி வீரையாவுக்கு வருகிறேன். அவர் கவுண்டரில் சிரித்த சிரிப்பு மத்தியானத்துக்குள் ஊரெல்லாம் பரவிவிட்டது. அந்தக் காலத்துப் பிளாக்கில் கண்ணும் மூக்கும் சரியாக விழாது. ஜரிகை மட்டும் பளிச்சென்று விழும். அதுவும் கரையைப் பார்த்தே யார் தறி என்று சொல்லிவிடுகிற ஜனங்கள். தறிக்குழியில் இறங்கும்போது மலர், ஏறும்போது மலர். பதினொரு அன்னத்தையும் எண்ணிப் பார்த்துச் சிரித்தார்கள். வாசகசாலைக்காரர் ஒரு வாரம் பேப்பர் படிக்க வரவில்லை. ஊர் அந்த ஒரு வாரம் நன்றாகப் பேப்பர் படித்தது.

மூன்றாம் நாள் காலை மில்காரர் கார் எங்கள் தெருவுக்குள் நுழைந்தது. தெருவில் பாவு போட்டிருந்தார்கள். புடவைக்கான நீள இழைகளைத் தெரு நீளத்துக்கு இழுத்துக் கட்டி, கஞ்சி தடவி, அறுந்ததை முடிந்துகொண்டிருந்தார்கள். பாவு போட்டிருந்தால் எங்கள் தெருவில் சைக்கிள்காரன்கூட இறங்கித்தான் நடப்பான். கலெக்டர் ஜீப் வந்தாலும் நிற்கும். மில்காரர் காரும் நின்றது.

மற்ற நாளில் வீரையா கொஞ்சம் சுருக்காக முடிப்பார். அன்று ஒவ்வொரு இழையையும் குழந்தைக்குத் தலை வாருவதுபோல் வாரினார்.

"இன்னும் எவ்ளோ நேரம்பா?" என்று மில்காரர் காரிலிருந்து கேட்டார்.

"கொஞ்சம் பொறுத்துக்கங்க ஐயா. ஒரு தபா அவசரப்பட்டுத்தான் அன்னத்துக்குத் தலை போச்சு."

இரண்டு பக்க வாசலிலும் பெண்கள் சிரித்தார்கள். அந்தச் சிரிப்புக்குள்ளிருந்து யாரோ கேட்டார்கள்: "சால்வதான் இரவலு. செவிலிமேட்டு நெலமாவது சொந்தமாங்க?"

மில்காரர் காரைவிட்டு இறங்கினார். பாவுக்கு ஓரமாக, வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, நேராக ஸ்டுடியோவுக்கு நடந்து வந்தார்.

இருட்டறைக்குள் ஒருவர்

அவர் வருவதைப் பார்த்ததும் என் வீட்டுக்காரர் டார்க் ரூமுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். உள்ளே கழுவ ஒன்றும் இல்லை என்பது எனக்குத் தெரியும்.

"எங்க அவன்? எனக்குன்னே வெச்ச சால்வன்னு சொன்னானே! மானம் போச்சும்மா. கடைத்தெருவுல தலகாட்ட முடியல."

அவ்வளவு பெரிய ஆள், நிஜமாகவே அவமானப்பட்டு நின்றார். எனக்குப் பயமாகவும் இருந்தது, பாவமாகவும் இருந்தது. ஆனால் டீச்சர் பத்திரத்தை மடித்து வைத்தது கண்முன் நின்றது. பேசிவிட்டேன்.

"ஐயா, தப்பு எங்க மேலதான். ஆனா ஒண்ணு சொல்றேன். மத்த பத்து பேரு படத்துலயும் சால்வயத் தவிர ஒண்ணும் இல்ல. உங்க படத்துலதான் ஒரு காரியம் நடக்குது. அது நெசம்னு ஆயிட்டா உங்க தோள யாரு பாக்கப் போறாங்க? எல்லாம் உங்க கையத்தான் பாப்பாங்க."

வெளியே பாவைச் சுருட்டும் சத்தம் கேட்டது. மில்காரர் தோள் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"அந்தப் பத்திரம் இன்னும் இருக்குதா அந்தம்மாகிட்ட?"

"பையிலயே வெச்சிக்கினு சுத்தறாங்க."

மறுநாள் ரிஜிஸ்டர் ஆபீசில் நானும் நின்றேன். மில்காரர் கசங்கிய மல் வேட்டி, சாதாரணத் துண்டு. சாட்சிக்கு இரண்டு பேர்: ஒருவர் என் வீட்டுக்காரர், இன்னொருவர் வீரையா. மில்காரர் பேனாவுக்காகச் சட்டைப் பையைத் தடவுவதற்குள் டீச்சர் தன் பேனாவை நீட்டினார்.

"மை இருக்குதுங்க ஐயா. காலையிலயே ஊத்திட்டேன்."

இது யாரு?

ஜூனில் பள்ளி திறந்தது. டீச்சர் ஸ்டுடியோவுக்கு வந்து, அந்தப் படத்தைப் பெரிதாக்கிப் பள்ளியில் மாட்ட வேண்டும் என்றார். நான் ஏற்கெனவே போட்டு, பிரேம் கட்டி வைத்திருந்தேன். பெருமையோடு எடுத்து நீட்டினேன்.

டீச்சர் வெகுநேரம் பார்த்தார்.

"ஐயா நல்லாத்தான் இருக்காரு. பக்கத்துல யாரும்மா?"

"நீங்கதான் டீச்சர்."

"நானா? பசங்க இது யாருன்னு கேப்பாங்கம்மா. நான் இன்னா சொல்றது?"

அப்போதுதான் நான் பார்த்தேன். படத்தில் நின்றவள் யாரோ ஒரு வெளுத்த பெண். புருவத்துக்கு நடுவில் டீச்சருக்கு இருந்த இரண்டு கோடுகளைக் காணோம். வெயிலில் செவிலிமேட்டுக்கும் டவுனுக்கும் நடந்து நடந்து கறுத்த முகத்தைக் காணோம். யாரும் கேட்காமலே, பழக்கத்தில் என் பென்சில் அதையெல்லாம் எடுத்துவிட்டிருந்தது. பதினொரு பிரமுகர்களை இவ்வளவு கிண்டல் செய்கிறேனே, நான் செய்தது இது. முகம் கொடுத்துப் பேச முடியாமல் வெட்கமாகிவிட்டது.

"உட்காருங்க டீச்சர்" என்று சொல்லிவிட்டு நெகட்டிவ்வை எடுத்தேன். பஞ்சில் டர்பன்டைன் தொட்டு, வைத்த பென்சிலையெல்லாம் துடைத்தேன். என் வீட்டுக்காரர் புதிதாகப் பிரிண்ட் போட்டார். தட்டில் மருந்துக்குள் அந்த முகம் மெல்ல ஏறி வந்தது. கறுப்பு வந்தது, இரண்டு கோடும் வந்தது. ஈரம் சொட்டச் சொட்டக் கொண்டுவந்து காட்டினேன்.

"ஆங். இப்பத் தெரியும் பசங்களுக்கு" என்று டீச்சர் சிரித்தார்.

நான் அழித்திருந்த இன்னொன்றும் பஞ்சோடு போயிருந்தது. மில்காரரின் மூக்கோரத்து மரு, மிளகு அளவில், படத்தில் திரும்ப வந்து உட்கார்ந்திருந்தது. "இத்த மட்டும் மறுபடி டச்சிங் பண்ணிடறேன், பத்து நிமிஷம்" என்று பென்சிலைத் தேடினேன்.

டீச்சர் படத்தை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டார்.

"வேணாம்மா, இருக்கட்டும். கையெழுத்து போட்டவரு இவருதானே."